இட்லிக் கொப்பரையில் ஜிலேபி மீன்: தட்டில் தண்ணீர் நிற்காமல் அவிக்க ஐந்து புதன்கிழமைகள்

போன புதன்கிழமை மதியம் 1:36. கொப்பரை மூடியைத் திறந்து, தட்டை இடுக்கியால் பிடித்துத் தூக்கி, ஒரு கிண்ணத்தில் மெல்லச் சாய்த்தேன். ஒன்றரை மேசைக்கரண்டித் தண்ணீர் வடிந்தது, அவ்வளவுதான். மீன் துண்டுகள் இடம் நகரவில்லை. கரண்டி நுனியால் தொட்டதும் இதழ் இதழாகப் பிரிந்தன, உள்ளே ஈரம் மினுமினுத்தது. ஏப்ரல் முதல் வாரம் இதே தட்டில் அரை டம்ளர் தண்ணீரில் மீன் ஊறிக் கிடந்ததைப் பார்த்த எனக்கு இது பெரிய விஷயம். மறப்பதற்குள் எழுதி வைக்கிறேன், சரியாக வராத நான்கு தடவைகளையும் சேர்த்து.

அப்பாவுக்கு 71 வயது. மாசி மாதம் இரத்த அழுத்தம் ஏறியதில், உப்பைக் குறைக்க வேண்டும், பொரித்ததை நிறுத்த வேண்டும் என்று டாக்டர் ஒரு தாளையே அச்சடித்துக் கொடுத்துவிட்டார். ஊறுகாய், அப்பளம், கருவாடு மூன்றும் அந்தத் தாளின் முதல் வரியில் இருந்தன. அப்பாவுக்கு மதியச் சோற்றோடு ஒரு துண்டு பொரித்த மீன் இருந்தால் போதும், வேறு எதுவும் கேட்க மாட்டார், அதுவும் போயிற்று. குழம்பு வைக்கலாம், ஆனால் புளிக்குழம்பில் உப்பைப் பாதியாக்கினால் வாயில் வைக்க முடியவில்லை. என் மனைவி ஆசிரியை, காலை 8 மணிக்குக் கிளம்பிவிடுவார். எனக்கு மதுரையில் வடக்கு மாசி வீதிப் பக்கம் புத்தக பைண்டிங் கடை, வீடு செல்லூரில். மதியம் 1 மணிக்குக் கடையைப் பையனிடம் விட்டுவிட்டு வண்டியை எடுத்தால் 1:12-க்கு வீடு, 2:15-க்கு மறுபடி கடையில் நிற்க வேண்டும். அதற்குள் சமைத்து, இருவரும் சாப்பிட்டு, பாத்திரத்தையும் அலசிப் போட வேண்டும். செவ்வாயும் வெள்ளியும் எங்கள் வீட்டில் கவிச்சி கிடையாது, அதனால் வார நாளில் மீனுக்குத் தோதான நாள் புதன்தான்.

யோசனையைக் கொடுத்தது மச்சான், மனைவியின் அண்ணன். சிங்கப்பூரில் ஒரு சாப்பாட்டுக் கடையின் சமையல்கட்டில் இருக்கிறார். வீடியோ காலில் அப்பாவின் பிரஷர் பற்றிப் பேச்சு வந்தபோது, “மாப்ள, தாய்லாந்துக்காரங்க கொடுவா மீன முழுசா ஆவியில வேக வச்சு எலுமிச்சம்பழம், பூண்டு, பச்ச மிளகா அரிஞ்சு மேல ஊத்துறாங்க. சீனாக்காரங்க இஞ்சிய நார் நாரா நறுக்கிப் போட்டுக் கொதிக்கிற எண்ணெய ஒரு கரண்டி ஊத்துவாங்க. ரெண்டையும் சேத்துச் செஞ்சு பாருங்க, இட்லிக் கொப்பர போதும்” என்றார். கொடுவா நம் கழிமுகங்களிலும் கிடைக்கிற மீன்தான், புதிதாக எதையும் தேட வேண்டியதில்லை என்று அப்போது நினைத்தேன்.

பாத்திரம் என்று பார்த்தால் வீட்டில் இருந்த நடுத்தர அலுமினியக் கொப்பரை, இட்லித் தட்டுகளை எடுத்துவிட்டு உள்ளே கவிழ்த்து வைத்த ஒரு கனமான எவர்சில்வர் கிண்ணம், அதன்மேல் 20 சென்டிமீட்டர் எவர்சில்வர் தட்டு. தட்டுக்கும் கொப்பரைச் சுவருக்கும் நடுவில் சுற்றிலும் ஒரு விரல் இடைவெளி வேண்டும், இல்லாவிட்டால் ஆவி மேலே ஏறாது. அடியில் 3 டம்ளர் தண்ணீர், தட்டுக்குக் கீழே இரண்டு விரல் நிற்கிற அளவு. கிண்ணம் கொதியில் ஆடாமல் இருக்க அதற்குள் ஒரு சின்ன அம்மிக் குழவித் துண்டை வைத்துப் பார்த்தேன், தேவைப்படவில்லை. புதிதாக வாங்கியது ஒன்றே ஒன்று, உணவுக்குள் குத்திப் பார்க்கிற டிஜிட்டல் தெர்மாமீட்டர், 380 ரூபாய். மீனின் நடுச்சதை 63 டிகிரியைத் தொட்டால் வெந்தது என்று கணக்கு. கடையிலிருந்து இரண்டு சாமான்களைக் கொண்டுவந்தேன், 15 சென்டிமீட்டர் ஸ்டீல் ஸ்கேல் ஒன்று, நூல் முடிச்சு இழுக்கிற கூர்மூக்கு இடுக்கி ஒன்று. ஸ்கேல் மீனின் தடிமனை அளக்க, இடுக்கி முள் பிடுங்க. இரண்டையும் வெந்நீரில் கொதிக்க வைத்து எடுத்து வீட்டுக்கே ஒதுக்கிவிட்டேன், கடைக்குத் திரும்பக் கொண்டுபோகவில்லை.

முதல் புதன். ஞாயிற்றுக்கிழமை நெல்பேட்டையில் கிலோ 520 ரூபாய்க்கு வாங்கிய கொடுவாயில் 320 கிராம் துண்டுகளை ஃபிரீசரில் வைத்திருந்தேன். காலையில் வெளியே எடுத்து வைக்க மறந்துபோய், 1:15-க்குக் கல்லாக இருந்ததைக் குழாய்த் தண்ணீரில் போட்டு அவசரமாக இளக்கினேன். அப்படியே தட்டில் வைத்து, இஞ்சி தூவி, மூன்று மேசைக்கரண்டி சோயா சாஸ் ஊற்றி, 12 நிமிடம். திறந்தால் தட்டு நிறைய தண்ணீர், கலங்கலாக, வெள்ளை வெள்ளையாகத் திரிதிரியாக ஏதோ மிதந்தது. வடித்து அளந்தேன், 90 மில்லி. சோயா சாஸ் முழுக்க அந்தத் தண்ணீரோடு போய்விட்டது, இருந்தும் மீனின் மேல்பக்கம் கரித்தது, உள்ளே சப்பென்று இருந்தது. அப்பா ஒன்றும் சொல்லாமல் ரசத்துக்கு மாறிவிட்டார். சாயங்காலம்தான் பாட்டிலின் லேபிளைப் படித்தேன். ஒரு மேசைக்கரண்டியில் ஏறக்குறைய 900 மில்லிகிராம் சோடியம், உப்பாகப் பார்த்தால் இரண்டே கால் கிராமுக்குக் கொஞ்சம் மேலே. நான் ஊற்றியது மூன்று கரண்டி. ஒரு ஆளுக்கு ஒரு நாள் முழுவதற்கும் 5 கிராம் உப்புக்குள் நிறுத்தச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனம், நான் ஒரு தட்டிலேயே கிட்டத்தட்ட ஏழு கிராம் கொட்டியிருக்கிறேன், அதுவும் உப்பைக் குறைக்க என்று ஆரம்பித்த சமையலில். எண்ணெயை மட்டும் பார்த்துக்கொண்டிருந்ததில் உப்பைக் கோட்டை விட்டிருந்தேன். பாட்டில் அன்றைக்கே அலமாரியின் பின்வரிசைக்குப் போனது.

இரண்டாவது புதன். இந்தத் தடவை ஃபிரீசர் வேண்டாம் என்று காலை 6:30-க்கே யானைக்கல் பாலத்தைத் தாண்டி நெல்பேட்டைக்குப் போய்ப் புது மீன் வாங்கினேன். மீன்காரம்மா செவுளைத் தூக்கிக் காட்டி, “பாரு தம்பி, ரத்தமா இருக்கு” என்றார், இருந்தது. வீட்டில் கழுவி, வெள்ளை வேட்டித் துணியில் ஒற்றி எடுத்து, துணி விரித்த தட்டில் பரப்பி, மூடாமல் ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்துவிட்டுக் கடைக்குப் போனேன். மதியம் வந்து பார்த்தால் மேற்பரப்பு தொட்டால் ஒட்டுகிற மாதிரி காய்ந்திருந்தது. இது நல்ல வேலை என்று அப்போதே தெரிந்தது, அதற்கப்புறம் ஒரு தடவையும் இதை மாற்றவில்லை.

ஆனால் மற்ற இரண்டு இடத்தில் தவறினேன். எலுமிச்சைச் சாற்றையும் நறுக்கிய பூண்டையும் வேக வைப்பதற்கு முன்பே மேலே போட்டேன். வேகட்டும் வேகட்டும் என்று 15 நிமிடம் விட்டேன். மீன் நார் நாராகி, எலுமிச்சை கசந்து, பூண்டு பச்சை வாடையும் போகாமல் வறுத்த மணமும் வராமல் நடுவில் நின்றது. தண்ணீர் 60 மில்லி. மீன் காய்ந்துதான் இருந்தது, பிறகு இவ்வளவு தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று புரியவில்லை. மூடியைத் திருப்பிப் பார்த்தபோது புரிந்தது. கும்மாச்சியாகக் குவிந்த மூடியின் உள்பக்கம் முழுக்க முத்து முத்தாக நீர், நடு உச்சியில் பெரிய துளி, நேராகக் கீழே தட்டின் நடுவில் சொட்டுகிறது. இட்லிக்கு இது தெரிவதே இல்லை. தட்டுகள் அடுக்கடுக்காக இருப்பதால் மேல்தட்டு இட்லி மட்டும் கொஞ்சம் நனையும், அதை நாம் கண்டுகொள்வதில்லை. மீனுக்கோ ஒவ்வொரு சொட்டும் தட்டிலேயே தங்குகிறது.

நடுவில் சித்திரைத் திருவிழா வந்துவிட்டது. கொடியேறியதிலிருந்து அழகர் ஆற்றில் இறங்கித் திரும்ப மலைக்குப் போகும் வரை வீட்டில் கவிச்சி கிடையாது. அந்த இடைவெளியில் வெறும் தண்ணீரை வைத்தே மூடியைச் சோதித்தேன். பழைய வேட்டித் துணி ஒன்றை இரண்டாக மடித்து மூடியின் உள்பக்கமாகப் பரப்பி, நான்கு முனையையும் மேலே கொண்டுவந்து பிடியின் மேல் இறுக்க முடிச்சுப் போட்டுவிட வேண்டும், நுனி எதுவும் கீழே தொங்கக் கூடாது, தொங்கினால் அடுப்புத் தீ பிடிக்கும். காலித் தட்டை வைத்து 10 நிமிடம் கொதிக்கவிட்டால் துணி இல்லாமல் தட்டில் 30 மில்லிக்கு மேல் சேர்ந்தது, துணி கட்டியதும் தட்டு ஈரமானதோடு சரி. வாணலி மூடி, தட்டை மூடி எல்லாம் போட்டுப் பார்த்தேன், எதுவும் துணிக்கு ஈடாகவில்லை.

திருவிழா முடிந்து மார்க்கெட்டுக்குப் போனால் மீன்பிடித் தடைக்காலம். ஏப்ரல் 15-இலிருந்து ஜூன் 14 வரை 61 நாள் நம் கிழக்குக் கடற்கரையில் விசைப்படகுகள் கடலுக்குப் போவதில்லை, கிடைக்கிற கொஞ்சம் கடல்மீனுக்கு விலை ஏறிவிடும். கொடுவா கிலோ 760 என்றார்கள். அதே வாரம் மேலூர்ப் பக்கம் சித்தப்பா ஊரில் கண்மாய் வற்றி மீன்பிடித் திருவிழா. ஊரே ஊத்தாவும் வலையுமாக இறங்கிப் பிடித்ததில் எங்கள் பங்குக்கு நான்கு ஜிலேபி மீன் (திலாப்பியா) வந்தது, ஒவ்வொன்றும் அரைக் கிலோவுக்குக் கொஞ்சம் மேலே.

ஜிலேபி என்றால் பலருக்கு இளப்பம். 1952-இல் வெளிநாட்டிலிருந்து இந்தியாவுக்கு வந்த மீன் அது, பிறகு கண்மாய், குளம், அணை என்று எங்கும் பெருகிவிட்டது, விலையும் குறைவு. ஆனால் இந்த வேலைக்கு அதில் ஒரு பெரிய வசதி இருக்கிறது. கட்லா, ரோகு மாதிரி சதைக்குள் புதைந்த கவட்டை முள் இதில் கிடையாது. விலா எலும்பை ஒட்டிக் கத்தியை ஓட்டி எடுத்துவிட்டால், நடுக்கோட்டில் தலைப்பக்கம் இருக்கிற கொஞ்சம் முள்ளை மட்டும் இடுக்கியால் பிடுங்கினால் போதும். 71 வயதுக்காரர் கவலையில்லாமல் சாப்பிடலாம்.

மூன்றாவது புதன், சதையை நானே எடுத்தேன். கடையில் பைண்டிங் தோல் அறுத்த கை என்பதால் கத்தி பயமில்லை, ஆனாலும் முதல் மீனில் முதுகெலும்போடு பாதிச் சதையை விட்டுவிட்டேன். இரண்டு மீனும் சேர்த்து 1,080 கிராம், கிடைத்த சதை 290. நன்றாக எடுத்தால் மூன்றில் ஒரு பங்கு வரும். துணி கட்டிய மூடி, 10 நிமிடம், வந்த தண்ணீர் 35 மில்லி. தண்ணீர்ப் பிரச்சினை பாதிக்கு மேல் தீர்ந்தது. ஆனால் மூடியைத் திறந்ததும் சேற்று வாடை முகத்தில் அடித்தது. குழம்பில் புளியும் மல்லித்தூளும் இதை மூடிவிடும், ஆவியில் மூட எதுவும் இல்லை. அப்பா ஒரு வாய் வைத்துவிட்டு, “கம்மாத் தண்ணி குடிச்ச மாதிரி இருக்குடா” என்றார். வற்றப்போகிற கண்மாயின் மீன், வாடை கூடுதலாகத்தான் இருக்கும்.

இதற்கு வழி சொன்னது மாமியார். அயிரையை உயிரோடு பாலில் விட்டுச் சேற்றைக் கக்க வைக்கிற கை அவருடையது. அயிரைக்கு அது சரி, செத்த ஜிலேபிக்கு என்ன செய்வது என்று கேட்டேன். “வயித்துக்குள்ள கறுப்பா ஒரு சவ்வு இருக்கும்ல, அத கல் உப்பு போட்டுத் தேச்சு எடுத்தீங்களா மாப்ள?” என்றார். எடுக்கவில்லை. விலாச் சதையில் அந்தச் சவ்வு அப்படியே ஒட்டியிருந்திருக்கிறது. அதோடு துண்டின் நடுவே தோல் பக்கமாக ஓடும் கருஞ்சிவப்புச் சதைக் கோட்டையும் கத்தி நுனியால் வழித்து எடுத்தேன், வாடை அதில்தான் அதிகம். அப்புறம் நெல்லிக்காய் அளவில் பாதி புளியை இரண்டு டம்ளர் தண்ணீரில் கரைத்து, கால் கரண்டி மஞ்சள் போட்டு, அதில் துண்டுகளை 10 நிமிடம் ஊறவைத்து அலசினேன். புளித்தண்ணீர் நீர்க்க இருக்க வேண்டும், கெட்டியாக இருந்தால் சதை வெளுத்து மேலே மாவு போல ஆகிவிடுகிறது. ஒரு துண்டை அப்படிக் கெடுத்தேன்.

நான்காவது புதன், மார்க்கெட்டில் வாங்கிய வளர்ப்பு ஜிலேபி, கிலோ 180. வெட்டிக் கொடுப்பவரிடம் போன்லெஸ் என்று சொன்னதும் கிலோவுக்கு 50 ரூபாய் கூடக் கேட்டார், கொடுத்தேன், என்னைவிட மூன்று மடங்கு வேகத்தில் இரண்டு மடங்கு சுத்தமாக எடுத்துவிட்டார். புளிக்குளியல், துணியில் ஒற்றல், ஃபிரிட்ஜில் காயவைத்தல் எல்லாம் காலையிலேயே முடிந்தது. எல்லாம் சரியாக இருக்கும்போது வாழையிலையில் பொதிந்து அவித்தால் மணம் கூடுமே என்று ஆசைப்பட்டேன். இலையை வாட்டிப் பொதி கட்டியதும் மீனிலிருந்து வந்த தண்ணீர் வெளியேற வழியில்லாமல் பொதிக்குள்ளேயே நின்றுவிட்டது. மசாலா தடவிய மீனுக்குப் பொதி சரி, அந்தத் தண்ணீரே குழம்பாகிவிடும். இப்படி வெறும் மீனாக வைப்பதற்கு இலை அடியில் விரிக்க மட்டும்தான், தட்டில் ஒட்டாமல் இருக்க. மேலே ஊற்றிய எலுமிச்சை, பூண்டு, மிளகாய்ச் சாறும் அன்று வெறும் புளிப்பும் காரமுமாக நின்றது. உப்பைக் குறைத்த சாப்பாட்டுக்கு நாக்கைப் பிடித்து நிறுத்த ஒன்று வேண்டும், அது இல்லை.

மச்சானிடம் சொன்னேன். “மீன் சாஸ் ஊத்தலியா? அது இல்லாம எப்படி மாப்ள” என்றார். ஒரு பெரிய கடையில் தேடிப் பிடித்தேன், சின்ன பாட்டில் 340 ரூபாய். கூடையில் போட்டுவிட்டு லேபிளைப் படித்தேன், சோயா சாஸ் கற்றுக்கொடுத்த பழக்கம். நெத்திலி, உப்பு, சர்க்கரை, இந்த மூன்றுதான் இருந்தது. அதில் சோடியம் சோயா சாஸைவிட அதிகம். பாட்டிலைத் திரும்ப வைத்தேன். நெத்திலியும் உப்பும் சேர்ந்தது எங்கள் வீட்டுப் பரணில் ஒரு டப்பா நிறைய இருக்கிறது, டாக்டரின் தாளைப் பார்த்து மனைவி ஏற்றி வைத்த நெத்திலிக் கருவாடு. பாட்டிலில் உப்பை என்னால் பிரிக்க முடியாது, கருவாட்டில் முடியும்.

இதில்தான் அதிக நேரம் செலவழித்தேன், ஞாயிறு இரவு முழுக்க. 30 கிராம் கருவாட்டைத் தலை கிள்ளி, குடலை நகத்தால் நெம்பி எடுத்து (தலையும் குடலும் இருந்தால் கசக்கும், முதல் கொதி அப்படித்தான் வீணாயிற்று), வெதுவெதுப்பான தண்ணீரில் அரை மணி நேரம் ஊறவைத்துக் கொட்டி, மறுபடி அரை மணி நேரம். இரண்டாவது தண்ணீரை நாக்கில் வைத்தால் லேசான உப்புதான் தெரிந்தது. பிழிந்து, வெறும் இரும்புச் சட்டியில் சின்னத் தீயில் ஈரம் போய் ஓரம் பொன்னிறமாகும் வரை வறுத்தேன், எட்டு நிமிடம் ஆயிற்று. அதில் ஒன்றரை டம்ளர் தண்ணீர் ஊற்றி, இரண்டு சின்ன வெங்காயம் தட்டிப் போட்டு, பாதியாக வற்றவிட்டு, துணியில் வடிகட்டினேன். தேன் நிறத்தில் தெளிவாக இறங்கியது. ஒரு சொட்டு நாக்கில் வைத்தேன், உப்பு முன்னால் வரவில்லை, மீனின் ருசி அடிநாக்கில் வெகுநேரம் நின்றது. ஐஸ் தட்டில் ஊற்றியதில் ஏழு கட்டி வந்தது, ஒவ்வொன்றும் 20 மில்லி. வடிகட்டிய தண்ணீர்தான், வாரம் ஒருநாள்தான், என்றாலும் அப்பாவின் டாக்டரிடம் அடுத்த தடவை போகும்போது இதைச் சொல்லிக் கேட்க வேண்டும் என்று குறித்து வைத்திருக்கிறேன். அதுவரை அப்பா பங்குக்கு ஒரு கட்டிக்கு மேல் இல்லை, வேறு உப்பு எங்கும் சேர்ப்பதில்லை.

ஐந்தாவது புதன், நடந்தபடியே எழுதுகிறேன். 1:12-க்கு உள்ளே நுழைந்ததும் கொப்பரையில் தண்ணீர் வைத்துப் பெரிய தீ. தண்ணீர் தளதளவென்று கொதித்த பிறகுதான் மீன் உள்ளே போக வேண்டும், ஆறிய தண்ணீரோடு வைத்தால் சூடேறுகிற நேரத்திலேயே மீன் தண்ணீர் விட்டுவிடும். அந்தக் கொதி வருவதற்குள் 6 பல் மலைப்பூண்டைப் பொடியாக அரிந்து, இரண்டு பச்சை மிளகாய், ஒரு பிடி கொத்தமல்லித் தண்டு (இலையைவிடத் தண்டில்தான் மணம்), சுண்டுவிரல் நீள இஞ்சியை நார் நாராக. ஒரு பெரிய எலுமிச்சம்பழத்தைப் பிழிந்ததில் 25 மில்லி சாறு. 1:24-க்கு வாழையிலை விரித்த தட்டில் 300 கிராம் மீன், துண்டுகள் ஒன்றன்மேல் ஒன்று படாமல். நடுப்பகுதி 2 சென்டிமீட்டர் தடிமன், வால் பக்கம் அதில் பாதிதான், அதனால் வாலை அடியில் மடித்துவிட்டேன், எல்லா இடமும் ஒரே தடிமன் ஆனது. துணி கட்டிய மூடி. 8 நிமிடத்தில் தெர்மாமீட்டர் 61 காட்டியது, இன்னும் ஒரு நிமிடம் மூடி, தீயை அணைத்து, மூடியைத் திறக்காமல் இன்னும் இரண்டு நிமிடம். 65.

நெத்திலித் தண்ணீர் இரண்டு கட்டியைச் சூடாக்கி, அடுப்பை அணைத்தபின் பூண்டு, மிளகாய், மல்லித்தண்டு, அரைக் கரண்டி நாட்டுச்சர்க்கரை, கடைசியில் எலுமிச்சைச் சாறு. சாற்றைக் கொதிக்கவிடவில்லை. தட்டுத் தண்ணீரை வடித்துவிட்டு, இஞ்சியைத் தூவி, தாளிக்கும் கரண்டியில் இரண்டு சின்னக் கரண்டி செக்கு நல்லெண்ணெயைக் காய்ச்சி, ஒரு இணுக்கு கருவேப்பிலை பொரிந்து அடங்குவதற்குள் மேலே ஊற்றினேன். சர்ரென்று சத்தம் வர வேண்டும், வராவிட்டால் எண்ணெய் காயவில்லை. சீனச் சமையலில் மணத்துக்கு ஊற்றுகிற எண்ணெய் வறுத்த எள்ளில் ஆட்டியது, நம் நல்லெண்ணெய் பச்சை எள்ளில் ஆட்டியது, மணம் வேறு. அதை ஈடுகட்ட ஒரு கரண்டி வெள்ளை எள்ளை வறுத்து ஒன்றிரண்டாக இடித்துத் தூவினேன். எள் இல்லாமலும் குறை தெரியாது, ஆனால் நான் இனி விடமாட்டேன்.

1:41-க்கு இலை போட்டாயிற்று. காலையில் வடித்த சோறு, முருங்கைக்கீரைப் பொரியல், மீன். அப்பா முதலில் மேலே நின்ற சாற்றை மட்டும் சோற்றில் விட்டுப் பிசைந்து ஒரு கவளம் எடுத்தார். கொஞ்ச நேரம் மென்றுகொண்டே இருந்தார். “என்னடா, கருவாட்டு வாசம் வருது, கருவாட்டக் காணோம்?” என்றார். விஷயத்தைச் சொன்னேன். இரண்டாவது துண்டை அவரே எடுத்து வைத்துக்கொண்டார். இரண்டு மாதத்தில் ஒரே மதியச் சாப்பாட்டில் அவர் மறுபடியும் மீன் எடுத்து வைத்துக்கொண்டது அன்றுதான்.

செலவு: மீன் 1 கிலோ 180, போன்லெஸ் கூலி 50, எலுமிச்சம்பழம் 6, நல்லெண்ணெய், பூண்டு, மல்லி எல்லாம் சேர்த்து 20-க்குள், கருவாடு இந்தத் தடவைக்கு 6 ரூபாய்க் கணக்கு. இரண்டு பேருக்கு 262. அதோடு தலையும் நடு எலும்பும் வீணாகவில்லை, ராத்திரிக்கு மனைவி அதில் ரசம் மாதிரி நீர்க்கக் குழம்பு வைத்துவிட்டார். அடுத்த தடவை ஒரு பூண்டு பல்லைக் குறைக்க வேண்டும், மிளகாயின் விதையை எடுத்துவிட வேண்டும். தடைக்காலம் முடிந்ததும் விளமீனில் செய்து பார்க்கப் போகிறேன், துண்டு தடிமனாக இருக்கும், அப்போது நேரக் கணக்கைப் புதிதாக எடுக்க வேண்டும். விராலிலும் ஆசை இருக்கிறது, விலைதான் யோசிக்க வைக்கிறது.

ஒன்றை மட்டும் முன்பே யோசித்திருக்க வேண்டும். வியாழக்கிழமை காலை மனைவி அதே கொப்பரையில் இட்லி வைத்தார், முதல் ஈடு இட்லியில் மீன் வாசம். புளியும் சாம்பலும் போட்டுத் தேய்த்தும் மூடியின் பிடி திருகாணி இடுக்கில் வாடை தங்கியிருந்தது. அவர் கோபப்பட்டதில் நியாயம் இருக்கிறது, எட்டு மணிக்குக் கிளம்புகிறவருக்கு ஒரு ஈடு இட்லி வீணானால் எவ்வளவு கஷ்டம். அன்று சாயங்காலமே பாத்திரக் கடைக்குப் போய் தட்டையான மூடியுள்ள சின்னக் கொப்பரை ஒன்று வாங்கினேன், 690 ரூபாய். பில் போட்டுவிட்டுக் கடைக்காரர் மெஷினை எடுத்து, “என்ன பேர் வெட்டணும் அண்ணே?” என்று கேட்டார். மூடியிலும் அடியிலும் ‘மீன்’ என்று மட்டும் வெட்டச் சொன்னேன்.